வைடூரியம் என்று பில்லில் எழுதுமுன்...

வைடூரியம் என்ற சொல்லை அறியாத வணிகர் நம்மில் எவரும் இல்லை. நகைக்கடை வைத்திருப்பவர்களுக்கு அது அன்றாடச் சரக்கு. மளிகை, ஜவுளி, இரும்பு வியாபாரம் செய்யும் அன்பர்களுக்கும் நவரத்தின மோதிரத்தின் வழியாகவோ, கேதுவுக்கு உரிய கல் என்று ஜோதிடர் சொன்னதன் வழியாகவோ அது அறிமுகமான பெயர்தான். ஆனால் 'வைடூரியம் என்றால் எந்தக் கல்?' என்று ஒரு வாடிக்கையாளர் நேருக்கு நேர் கேட்டால், நம்மில் எத்தனை பேர் தயங்காமல் பதில் சொல்வோம்?

'பூனைக்கண் கல்' என்று சொல்லலாம். அது சரியான பதில்தான், ஆனால் முழுப் பதில் அல்ல. பூனையின் கண்போல் ஒளிக்கோடு ஓடும் கற்கள் பல இனங்களில் உண்டு. அவற்றின் விலைக்குள் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம் உண்டு. அதோடு, பழங்காலத்தில் இந்தப் பெயரால் அழைக்கப்பட்ட கல் வேறு, இன்று அழைக்கப்படும் கல் வேறு. ஒரே பெயர், ஈராயிரம் ஆண்டுகளில் ஒரு கல்லிலிருந்து இன்னொரு கல்லுக்கு இடம் மாறியிருக்கிறது. பெயரை நம்பித் தொழில் செய்யும் நமக்கு இந்த வரலாறு தெரிந்திருப்பது நல்லது.

இலக்கணத்தில் வணிகர் பேச்சு

வைடூரியம் என்ற பெயர் எப்படி வந்தது என்ற ஆராய்ச்சி நேற்று இன்று தொடங்கியதல்ல. வடமொழி இலக்கண ஆசிரியர் பாணினி, 'விதூரம்' என்ற இடத்திலிருந்து வருவதால் அது 'வைடூரியம்' எனப்படும் என்று விதி எழுதினார். அவருக்குப் பின், கி.மு. இரண்டாம் நூற்றாண்டு அளவில் அந்த நூலுக்குப் பேருரை எழுதிய பதஞ்சலி, இந்த இடத்தில் ஒரு சிக்கலைக் கிளப்புகிறார். அந்தக் கல் உண்டாவது 'வாலவாயம்' என்னும் மலையில் அல்லவா? விதூரத்தில் அதைப் பக்குவப்படுத்தத்தானே செய்கிறார்கள்? பின் எப்படி விதூரத்தின் பெயர் வந்தது?

அதற்கு அவர் தரும் விடைகளில் ஒன்று நமக்கு மிகவும் சுவையானது. வணிகர்கள் தமக்குள் காசி நகரை 'ஜித்வரி' என்று அழைக்கிறார்கள், அதுபோல இலக்கணக்காரர்கள் வாலவாயத்தை விதூரம் என்று அழைக்கிறார்கள் என்று வைத்துக்கொள்ளலாம் என்கிறார். ஜித்வரி என்றால் வெற்றி தருவது என்று பொருள். இன்றும் சந்தையில் தரகர்கள் தமக்குள் ஒரு பெயரும் வெளியில் ஒரு பெயரும் வைத்துப் பேசுவது நாம் அறிந்ததே. அந்த வழக்கம் இரண்டாயிரம் ஆண்டுக்கு முந்தையது என்பதற்குச் சாட்சி, வைடூரியத்தைப் பற்றிய இந்தக் குறிப்பில்தான் கிடைக்கிறது.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். கல் தோண்டும் ஊரின் பெயர் அல்ல, பட்டை தீட்டி விற்ற ஊரின் பெயர்தான் கல்லுக்கு நிலைத்தது. சரக்கு விளையும் இடத்தைவிட, கைமாறும் சந்தையே பெயரைத் தீர்மானிக்கிறது என்பதற்கு இதைவிடப் பழைய உதாரணம் வேண்டுமா?

கொங்கு நாட்டிலிருந்து ரோமாபுரி வரை

பாலி மொழியில் இந்தக் கல்லுக்கு 'வேளுரிய' என்று பெயர். இந்தச் சொல்லே கடல் கடந்து கிரேக்கத்தில் 'பெரில்லோஸ்' என்றும், லத்தீனில் 'பெரில்லஸ்' என்றும், ஆங்கிலத்தில் 'பெரில்' என்றும் ஆயிற்று என்று மொழியறிஞர்கள் கூறுகிறார்கள். சொல்லின் வேர் தென்னாட்டு மொழிகளைச் சேர்ந்தது, வேளூர் அல்லது பேளூர் என்ற ஊர்ப்பெயரோடு தொடர்புடையது என்ற கருத்தும் உண்டு.

சொல் மட்டும் பயணம் போகவில்லை, சரக்கும் போயிற்று. கி.பி. முதல் நூற்றாண்டில் ரோமானிய அறிஞர் பிளினி, பெரில் கற்கள் இந்தியாவிலிருந்தே வருகின்றன, வேறு இடங்களில் அரிதாகவே கிடைக்கின்றன என்று எழுதிவைத்தார். தூய கடல்நீரின் பசுமை கொண்ட கற்களே உயர்ந்தவை என்றும், அவற்றை ஆறு பட்டையாகத் தீட்டுவார்கள் என்றும் அவர் சொல்கிறார். அடுத்த நூற்றாண்டில் தாலமி என்னும் புவியியல் அறிஞர், 'புன்னாட்டா' என்ற இடத்தில் பெரில் கிடைக்கிறது என்று குறித்தார். அது தென் மைசூர்ப் பகுதியில் இருந்த புன்னாடு என்று கொள்கிறார்கள்.

நம் கொங்கு நாட்டுக்கும் இதில் பெரும் பங்கு உண்டு. காங்கேயத்துக்கு அருகில் உள்ள படியூர், பெரில் கற்களுக்குப் பேர்போன இடம். 1819, 1820-ஆம் ஆண்டுகளில் ஹீத் என்ற ஆங்கிலேயர் அங்கே வெட்டி எடுத்ததற்குக் குறிப்புகள் உள்ளன. நொய்யல் ஆற்றங்கரையில் உள்ள கொடுமணலில் 1985 முதல் நடந்த அகழாய்வுகளில் பெரில், நீலம், பளிங்கு, சூதுபவளம் ஆகிய கற்களை மணிகளாக்கிய பட்டறைகளின் தடயங்கள் கிடைத்தன. முடிந்த மணிகள் மட்டுமல்ல, துளையிடாதவை, பாதி தீட்டியவை, உடைந்த கழிவு என்று தொழிற்கூடத்தின் எல்லா நிலைகளும் அங்கே இருந்தன. பதிற்றுப்பத்தில் வரும் கொடுமணம் இந்த ஊர்தான் என்பது ஆய்வாளர் துணிபு. கோவை வட்டாரத்தில் ரோமானியக் காசுப் புதையல்கள் அடிக்கடி கிடைத்ததற்கும் இந்தக் கல் வியாபாரத்துக்கும் தொடர்பு உண்டு என்று அவர்கள் கருதுகிறார்கள்.

அக்காலத்து வைடூரியம் இந்தப் பெரில்தான் என்பதற்கு வேறு சான்றும் உண்டு. மயிலின் கழுத்து நிறமும் மூங்கில் இலையின் நிறமும் உடைய வைடூரியமே சிறந்தது என்கிறது கருட புராணம். நீலமும் பசுமையும் கலந்த அந்த நிறம், இன்று 'அக்வாமரின்' என்று நாம் விற்கும் நீலப் பெரிலின் நிறத்தோடு ஒத்துப்போகிறது. மரகதமும் கனிம வகையில் பெரில் இனம்தான்.

பெயர் போன ஊரெல்லாம் வேறு வேறு கல்

நாடு விட்டு நாடு போன இந்தப் பெயர் பட்ட பாட்டைப் பார்த்தால் வியப்பாக இருக்கிறது. பௌத்தர்களோடு சீனத்துக்குப் போன வேளுரியம் அங்கே 'லியூலி' ஆயிற்று. நாளடைவில் அது கல்லை விட்டுவிட்டு நிறக் கண்ணாடிக்கும் ஓட்டின் மேற்பூச்சுக்கும் பெயராயிற்று. ஜப்பானில் அதே சொல் 'ரூரி' என்று நீல நிற ராஜவர்த்தக் கல்லைக் குறித்தது. திபெத்தில் 17-ஆம் நூற்றாண்டில் எழுதப்பட்ட புகழ்பெற்ற மருத்துவ நூலின் பெயர் 'நீல வைடூரியம்'. பாரசீகத்திலும் அரபியிலும் 'பில்லூர்' என்று பளிங்குக்கு வழங்கும் சொல்லும் இந்தக் குடும்பத்தைச் சேர்ந்ததே என்பர்.

ஐரோப்பாவில் தெளிந்த பெரிலையும் பளிங்கையும் தீட்டிப் பார்வைக்கு உதவும் ஆடிகள் செய்தார்கள். அதனால் ஜெர்மன் மொழியில் மூக்குக் கண்ணாடிக்கு 'பிரில்லே' என்ற பெயர் வந்தது. வைர வியாபாரிகள் நாள்தோறும் உச்சரிக்கும் 'பிரில்லியண்ட் கட்' என்பதில் உள்ள பிரில்லியண்ட் என்ற சொல்லும் பெரிலிலிருந்தே பிறந்தது என்று பல சொல்லாய்வாளர்கள் கருதுகிறார்கள். 1798-ஆம் ஆண்டு பிரான்சின் வோக்லான் என்ற வேதியியலாளர் பெரிலிலும் மரகதத்திலும் ஒரு புதிய தனிமம் இருப்பதைக் கண்டார். அதற்குப் 'பெரிலியம்' என்ற பெயர் நிலைத்தது. தென்னாட்டுச் சந்தையில் புழங்கிய ஒரு சரக்கின் பெயர், வேதியியல் அட்டவணையில் நான்காவது இடத்தில் போய் உட்கார்ந்திருக்கிறது.

இன்றைய வைடூரியம்

அப்படியானால் இன்று நாம் வைடூரியம் என்று விற்கும் பூனைக்கண் கல் என்ன? அது 'கிரைசோபெரில்' என்ற கனிமம். 'கிரைசோஸ்' என்றால் கிரேக்க மொழியில் பொன். பொன்னிறப் பெரில் என்று பெயர் வந்துவிட்டதே தவிர, அது பெரில் இனம் அல்ல. பெரிலில் பெரிலியம், அலுமினியம் ஆகியவற்றோடு சிலிக்காவும் சேர்ந்திருக்கும். கிரைசோபெரிலில் சிலிக்கா இல்லை. பெரிலின் கடினம் ஏழரை முதல் எட்டு. கிரைசோபெரிலின் கடினம் எட்டரை. மாணிக்கம், நீலம் ஆகியவற்றுக்கு அடுத்த படியில் நிற்கும் உறுதி அது.

இந்தக் கல்லுக்குள் மயிரிழையிலும் நுண்ணிய ஊசி போன்ற இழைகளோ, குழல்களோ ஒரே திசையில் வரிசையாக அமைந்திருக்கும். பட்டை வெட்டாமல், மேலே குவிந்த வடிவில் வழவழப்பாகத் தீட்டினால், அந்த இழைகளில் ஒளி பட்டு அவற்றுக்குக் குறுக்காக ஒரே கோடாகத் திரண்டு நிற்கும். கல்லை அசைத்தால் கோடு ஓடும். நல்ல கல்லை விளக்கின்கீழ் பக்கவாட்டில் பிடித்தால், கோட்டின் ஒரு பக்கம் பால்போலவும் மறுபக்கம் தேன்போலவும் தெரியும். இலங்கையின் இரத்தினபுரிப் பகுதியும், நமக்கு அருகில் திருவனந்தபுரம் வட்டாரமும் இந்தக் கல்லுக்குப் பெயர் பெற்றவை.

பெயர் எப்போது பெரிலை விட்டுப் பூனைக்கண்ணுக்கு வந்தது என்று தேதி குறித்துச் சொல்ல முடியாது. ஆனால் மாற்றத்தின் சுவடுகள் உண்டு. சிலப்பதிகாரத்தின் ஊர்காண் காதையில் மதுரை இரத்தினக் கடைத்தெருவின் வருணனை வருகிறது. அங்கே தெளிந்த தேன்துளி போன்ற மணி என்று சொல்லப்படுவதை வைடூரியம் என்று உரைகாரர்கள் கொள்கிறார்கள். தேன் நிறம் பெரிலைவிடப் பூனைக்கண்ணுக்கே பொருந்துகிறது. இலங்கையில் சிங்கள வியாபாரிகள் பூனைக்கண்ணை 'வைரோடி' என்கிறார்கள். அதுவும் வைடூரியமே. வடநாட்டில் மட்டும் பூண்டைக் குறிக்கும் 'லஹசுன்' என்ற சொல்லிலிருந்து 'லஹசுனியா' என்ற தனிப்பெயர் வழங்குகிறது. ஜெய்ப்பூரிலிருந்து சரக்கு வாங்கும் அன்பர்கள் இதை அறிவார்கள்.

சரி, பழைய நூலின்படி பெரில்தானே வைடூரியம், நீலப் பெரிலை அந்தப் பெயரில் விற்றால் என்ன என்று யாராவது கேட்கலாம். அது வாதத்துக்கு உதவும், வியாபாரத்துக்கு உதவாது. ஒரு பெயருக்கு இன்றைய சந்தையில் வாங்குபவரும் விற்பவரும் ஒப்புக்கொண்ட பொருள் எதுவோ, அதுவே அந்தப் பெயரின் பொருள். இன்று தமிழ்நாட்டில் வைடூரியம் என்று கேட்டு வருபவர் பூனைக்கண்ணைத்தான் கேட்கிறார்.

எல்லாப் பூனைக்கண்ணும் வைடூரியமா?

சிக்கல் இங்கேதான் தொடங்குகிறது. பூனைக்கண் ஒளி கிரைசோபெரிலுக்கு மட்டும் உரியதல்ல. பளிங்கு இனமான குவார்ட்ஸிலும், டூர்மலின், அபடைட், சில்லிமனைட் ஆகியவற்றிலும் அந்த ஒளிக்கோடு தோன்றும். ஒடிசாவிலிருந்தும் ஆந்திரத்திலிருந்தும் சில்லிமனைட் பூனைக்கண் ஏராளமாக வருகிறது. இவை எல்லாம் இயற்கைக் கற்களே. இவற்றை விற்பதில் எந்தத் தவறும் இல்லை. ஆனால் உலக இரத்தின வணிகம் ஏற்றுக்கொண்ட வழக்கின்படி, முன்னால் எந்த அடைமொழியும் இல்லாமல் 'பூனைக்கண்' என்று சொன்னால் அது கிரைசோபெரிலை மட்டுமே குறிக்கும். மற்றவற்றைக் குவார்ட்ஸ் பூனைக்கண், சில்லிமனைட் பூனைக்கண் என்று இனப்பெயரோடு சேர்த்தே எழுத வேண்டும்.

இவற்றோடு கண்ணாடி இழைகளை உருக்கிச் சேர்த்துச் செய்யும் செயற்கைக் கல்லும் பல நிறங்களில் சந்தையில் மலிந்து கிடக்கிறது. அதன் ஒளிக்கோடு இயற்கைக் கல்லைவிடக் கூர்மையாக இருக்கும். அதுவே அதைக் காட்டிக்கொடுக்கும் அடையாளம்.

தேவை எப்படிப் பெயரால் பெருகும் என்பதற்கு ஒரு பழைய உதாரணம் உண்டு. 1879-இல் விக்டோரியா அரசியின் மகன் கன்னாட் கோமகன் தம் மணப்பெண்ணுக்குப் பூனைக்கண் மோதிரம் அணிவித்தார் என்ற செய்தி பரவியதும், ஐரோப்பாவில் அந்தக் கல்லின் விலை ஏறியது. நம் ஊரில் அந்த வேலையைக் கேது பகவான் செய்கிறார். பெயருக்காக வாங்கும் சரக்கில் பெயரே மதிப்பு. எனவே பெயரில் தவறினால் முழு மதிப்பிலும் தவறியதாகும்.

1997-இல் நடந்த ஒன்றையும் நினைவூட்டுகிறோம். அணுக்கதிர் பாய்ச்சி நிறம் கூட்டிய கிரைசோபெரில் பூனைக்கண்கள் பாங்காக் சந்தையில் தலைகாட்டின. அவற்றில் கதிரியக்கம் தணியாமல் இருந்தது கண்டுபிடிக்கப்பட்டு, இரத்தின வணிக உலகமே பதறியது. அந்தக் கற்களின் பெயர் சரியானதுதான். ஆனால் செய்த பக்குவத்தைச் சொல்லவில்லை. பெயரோடு, கல்லுக்கு என்ன செய்யப்பட்டது என்பதையும் கேட்டு வாங்க வேண்டும் என்ற பாடம் அதில் கிடைத்தது.

கடையிலேயே செய்யும் சோதனை

நகையில் பதிக்காத கல்லாக இருந்தால், நல்ல மின்னணுத் தராசும் ஒரு குவளைத் தண்ணீரும் போதும். கல்லை முதலில் சாதாரணமாக எடை போடுங்கள். பின்பு மெல்லிய நூலில் தொங்கவிட்டு, தண்ணீருக்குள் மூழ்கிய நிலையில் எடை பாருங்கள். எவ்வளவு குறைகிறது என்பதே கணக்கு. 5 காரட் எடையுள்ள கிரைசோபெரில் தண்ணீரில் சுமார் 1.35 காரட் குறையும். அதே எடையுள்ள சில்லிமனைட் சுமார் 1.55 காரட்டும், குவார்ட்ஸ் சுமார் 1.9 காரட்டும் குறையும். கிரைசோபெரிலின் அடர்த்தி தண்ணீரைப்போல் ஏறக்குறைய 3.7 மடங்கு, குவார்ட்ஸின் அடர்த்தி 2.65 மடங்கு என்பதால் வரும் வேறுபாடு இது. சிறிய கற்களில் தராசின் நுட்பம் போதாது. அப்போது பலகற்களை ஒன்றாகச் சேர்த்துப் பார்த்து முடிவு கட்டிவிடாமல், ஆய்வுக்கூடத்துக்கு அனுப்புவதே முறை.

கண்ணாடி இழைக் கல்லின் அடர்த்தி கண்ணாடிக்குக் கண்ணாடி மாறும் என்பதால் தராசை மட்டும் நம்பக்கூடாது. பத்து மடங்கு பெரிதாக்கும் லென்ஸில் கல்லின் பக்கவாட்டைப் பாருங்கள். தேன்கூட்டின் அறைகள்போல இழைகளின் முனைகள் தெரிந்தால் அது கண்ணாடியே. கண்டிப்பாக உரசிப் பார்க்கும் சோதனை வேண்டாம். கல் கெட்டுப்போகும், வாடிக்கையாளரின் மனமும் கெட்டுப்போகும்.

பில்லில் ஒரு சொல்

ஒரு நிலைமையை எண்ணிப் பார்ப்போம். ஒரு கடையில் குவார்ட்ஸ் பூனைக்கண் ஒன்றை அதற்குரிய நியாயமான விலைக்கே விற்கிறார்கள். கடைக்காரர் ஏமாற்ற நினைக்கவில்லை. தமக்குள் பேசும் வழக்கப்படி பையன் பில்லில் 'வைடூரியம் 1' என்று எழுதுகிறான். ஓர் ஆண்டு கழித்து அந்தக் குடும்பம் அவசரத்துக்கு மோதிரத்தை விற்க இன்னொரு கடைக்குப் போகிறது. அங்கே கல்லைப் பார்த்து 'இது வைடூரியமே அல்ல' என்கிறார்கள். விலை நியாயமானது என்று இனி யாரிடம் விளக்குவது? கையில் இருக்கும் காகிதத்தில் நம் கடைப் பெயரும் அந்த ஒரு சொல்லும்தானே இருக்கின்றன?

சட்டமும் அந்தச் சொல்லையே பார்க்கும். 1986-ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்துக்குப் பதிலாக வந்த 2019-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, பொருளின் தரம், வகை பற்றித் தவறாகக் குறிப்பிடுவது முறையற்ற வணிக நடவடிக்கை. பில் கொடுக்காமல் இருப்பதும் அப்படியே. அதனால் 'பில்லே வேண்டாம்' என்று தப்பிக்கவும் வழியில்லை. வழக்கு எழுந்த நாளிலிருந்து இரண்டு ஆண்டுகளுக்குள் நுகர்வோர் ஆணையத்தில் புகார் செய்யலாம்.

தங்கத்துக்கு ஹால்மார்க் முத்திரை உண்டு. வாங்குபவர் படிக்காதவராக இருந்தாலும் முத்திரையைக் காட்டிக் கேட்கலாம். கல்லுக்கு அப்படி ஒரு முத்திரையைப் பொறிக்க முடியாது. ஆய்வுக்கூடச் சான்று இல்லாத இடத்தில், பில்லில் நாம் எழுதும் பெயரே முத்திரை.

எனவே நாம் சொல்வது இவ்வளவே. கொள்முதல் செய்யும்போதே மொத்த வியாபாரியிடம் இனப்பெயரைச் சிட்டையில் எழுதி வாங்குவோம். விற்கும்போது 'வைடூரியம் (கிரைசோபெரில் பூனைக்கண்)' என்றோ, 'குவார்ட்ஸ் பூனைக்கண்' என்றோ, 'கண்ணாடிப் பூனைக்கண்' என்றோ முழுப்பெயரை எழுதுவோம். நிறமோ ஒளியோ கூட்டப்பட்டிருந்தால் அதையும் ஒரு சொல்லில் சேர்ப்போம். விலை உயர்ந்த கல்லுக்குச் சான்றிதழின் எண்ணைப் பில்லிலேயே குறிப்போம். கடையில் வேலை செய்யும் பிள்ளைகளுக்கு இந்த வேறுபாட்டை உட்காரவைத்துச் சொல்லிக்கொடுப்போம். மலிவான கல்லை மலிவான பெயரில் கேட்டு வாங்க மக்கள் தயங்குவார்கள் என்ற பயம் வேண்டாம். 'அமெரிக்கன் டைமண்ட்' என்று நாம் விற்கும் கல் வைரமும் அல்ல, அமெரிக்காவுக்கு உரியதும் அல்ல. ஆனாலும் அது செயற்கைக் கல் என்பது வாங்குபவருக்குத் தெரியும். தெரிந்து வாங்குவதால்தான் அந்த வியாபாரம் இன்றும் நடக்கிறது.

பிளினி தம் நூலில் இன்னொரு குறிப்பும் எழுதியிருக்கிறார். இந்தியர்கள் பளிங்குக்குச் சாயம் ஏற்றிப் போலி இரத்தினங்கள் செய்கிறார்கள், குறிப்பாகப் பெரிலை அப்படிச் செய்கிறார்கள் என்பது அது. நல்ல கல்லை அனுப்பிய ஆயிரம் வணிகர்களின் பெயர் எதுவும் அந்த நூலில் இல்லை. சாயம் ஏற்றிய சிலரால் வந்த பழிச்சொல் ஏறக்குறைய 1950 ஆண்டுகளாக எழுத்தில் நிற்கிறது. ஊரில் ஒரு கடை செய்யும் தவறு தெரு முழுவதையும் தொடும் என்பதை நம் சங்கத்தில் பலமுறை பேசியிருக்கிறோம். ஜித்வரி என்பது காசியைக் குறிக்கும் என்று வணிகருக்குள் தெரிந்திருந்தது, அதனால் அவர்களுக்குள் குழப்பம் இல்லை. கல்லாவுக்கு எதிரே நிற்பவருக்கு நம் குழூஉக்குறி தெரியாது. அவருக்குப் புரியும் பெயரை, அவர் எங்கே கொண்டுபோய்க் காட்டினாலும் செல்லும் பெயரை, நம் கையால் எழுதிக் கொடுப்போம்.